மூன்று சாக்கு ஆய்வு நூல்கள்: கடலோரப் படிப்பகத்துக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

போன தை மாதம் எங்கள் படிப்பகத்துக்கு மூன்று சாக்கு நூல்கள் வந்து இறங்கின. பக்கத்து ஊரில் நெடுங்காலம் வைத்தியம் பார்த்த டாக்டர் ஒருவர் காலமாகி, பிள்ளைகள் வீட்டைக் காலி செய்தார்கள். "எடைக்குப் போட மனசு வரலை சார், நீங்களே வச்சுக்கங்க" என்று லோடு ஆட்டோவில் ஏற்றி அனுப்பிவிட்டார்கள். பிரித்துப் பார்த்தால் உடல் பருமன் பற்றி ஆறேழு நூல்கள், குடல், இரைப்பை, கல்லீரல் பற்றிப் பத்துக்கு மேல், கலை வரலாறு ஒரு சாக்கு நிறைய, மீதி ஐரோப்பிய இடைக்காலப் பண்பாடு. வயிறு அவருடைய தொழில். ஓவியமும் பழைய காலமும் அவருடைய ஆசையாக இருந்திருக்க வேண்டும்.

கீழக்கரைக்கும் பெரியபட்டினத்துக்கும் நடுவில் இருக்கும் சின்னப் படிப்பகம் எங்களுடையது. தினத்தாளும் போட்டித் தேர்வு கைடுகளும் இருந்த அலமாரியில் இவற்றை என்ன செய்வது என்று பலரும் கேட்டார்கள். கல்லூரி நூலகத்தில் 19 ஆண்டு வேலை பார்த்த அனுபவத்தில் நான் செய்ததை அப்படியே எழுதுகிறேன். தொண்டியிலோ மண்டபத்திலோ ஏர்வாடியிலோ ஒரு பள்ளி அலமாரிக்கு இப்படி மூட்டை வந்தாலும், அப்பா விட்டுப்போன நூல்கள் உங்கள் வீட்டுப் பரணில் கிடந்தாலும் இது உதவும்.

ஒன்றை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆய்வு நூல்கள் எல்லாம் ஒரே மாதிரி மூப்படைவதில்லை. மருத்துவ நூல் பத்து வருடத்தில் கிழடாகிவிடும். கலை வரலாற்று நூலில் கருத்து பழசாகும், படம் பழசாகாது. வரலாற்று நூலில் முடிவு மாறும், அடிக்குறிப்பு நிற்கும். ஆகவே "இது நல்ல நூலா?" என்று கேட்டுப் பயனில்லை. "இது இன்னும் எதற்கு ஆகும்?" என்று கேளுங்கள். இனி சொல்லும் எல்லா வேலையும் இந்தக் கேள்வியைச் சுற்றித்தான் போகும்.

அலமாரியில் ஏற்றாதீர்கள்

வந்த மூட்டையை அன்றைக்கே மற்ற நூல்களோடு சேர்த்துவிடக் கூடாது. கடலோர வீட்டில் இருந்து வரும் நூலில் மூன்று ஆபத்து வரும்: பூஞ்சை, கரையான், இராமபாணப் பூச்சி. வெள்ளி மினுங்க ஓடும் அந்தப் பூச்சிக்கு பைண்டிங் பசைதான் சாப்பாடு. நூலின் முதுகைத் தூக்கிப் பார்த்தால் அரித்த தடம் தெரியும்.

திண்ணையிலோ காற்றோட்டமான அறையிலோ பழைய வேட்டி ஒன்றை விரித்து, நூல்களை விசிறி போலப் பாதி திறந்து நிற்க வையுங்கள். வெயிலில் போட வேண்டாம், அட்டை வளைந்துவிடும், தாள் மொரமொரப்பாகும். காய்ந்த பெயின்ட் பிரஷ்ஷால் முதுகில் இருந்து வெளிப்பக்கமாகத் தூசியைத் தள்ளுங்கள். ஈரத்துணி கூடவே கூடாது. பூஞ்சை பிடித்த நூலைத் தட்டும்போது மூக்கில் துணி கட்டிக்கொள்ளுங்கள். ஆஸ்துமா உள்ளவர்கள் அந்த வேலைக்கே வர வேண்டாம்.

பூச்சி உறுதியாக இருக்கிறது என்றால், நம் கரையில் ஒரு வசதி உண்டு. இரண்டு பாலிதீன் பைக்குள் நூலை இறுக்கி ஒட்டி, மீன் கம்பெனி ஃப்ரீசரில் கேட்டு வையுங்கள். மைனஸ் 18 பாகைக்குக் கீழே இரண்டு வாரம் இருந்தால் பூச்சியும் முட்டையும் செத்துவிடும். வெளியே எடுத்ததும் அவசரப்பட்டுப் பையைப் பிரிக்காதீர்கள். ஒரு நாள் முழுக்க அப்படியே வைத்தால் நீர் முத்துகள் பைக்கு வெளியே கோக்கும்; பிரித்துவிட்டால் தாளில் கோக்கும். எங்கள் ஊரில் இறால் வாங்கும் இடத்தில் ஒரு மூலையை இதற்காகவே கொடுத்தார்கள்.

தலைப்புப் பக்கத்தின் பின்பக்கம்

காய்ந்த பிறகு செய்யும் முதல் வேலை தலைப்புப் பக்கத்தைத் திருப்பிப் பின்பக்கத்தைப் படிப்பது. நூலின் ஜாதகம் அங்கேதான் இருக்கிறது. அங்கே பல ஆண்டுகள் வரிசையாக இருக்கும், குழம்ப வேண்டாம். "பதிப்பு" என்று இருந்தால் உள்ளே திருத்தியிருக்கிறார்கள். "மறுஅச்சு" என்று இருந்தால் பழைய உள்ளடக்கத்தையே திரும்ப அடித்திருக்கிறார்கள். 1984ல் இரண்டாம் பதிப்பு, 1996ல் மறுஅச்சு என்று போட்டிருந்தால் அந்த நூலின் அறிவு 1984 வரைதான். கடைக்காரர் 1996 என்றுதான் சொல்லி விற்பார். நானே ஒருமுறை பழைய புத்தகக் கடையில் 900 ரூபாய் கொடுத்து அப்படி ஒரு தடித்த மருத்துவ நூலை வாங்கி வந்து, வீட்டில் பின்பக்கத்தைப் பார்த்து மனம் நொந்திருக்கிறேன்.

ஒவ்வொரு நூலுக்கும் தனியாகக் கொடுக்கும் அடையாள எண்ணான ஐஎஸ்பிஎன்னும் வயது சொல்லும். 2007 முதல் அது 13 இலக்கம். 10 இலக்கம் மட்டும் இருந்தால் அதற்கு முந்தைய அச்சு. தெற்காசியாவில் மட்டும் விற்பனைக்கு என்று போட்டிருந்தால் மலிவுப் பதிப்பு. எழுத்து அதேதான், படங்கள் மட்டும் சில நேரம் கறுப்பு வெள்ளையாகிவிடும். மருத்துவ நூலுக்கு இதனால் பெரிய நஷ்டம் இல்லை, கலை நூலுக்குப் பெரிய நஷ்டம்.

ஒவ்வொரு நூலையும் பதிவேட்டில் எழுதும்போது தலைப்பு, ஆசிரியர் பெயரோடு, சிவப்பு மையில் "அறிவு ஆண்டு" என்று ஒரு கட்டம் போட்டு அந்தக் கடைசித் திருத்த ஆண்டை எழுதுங்கள். நூலகப் பாடத்தில் இப்படி ஒரு கட்டம் கிடையாது. எனக்கு இதுதான் எல்லாவற்றிலும் உபயோகமாக இருக்கிறது.

வயிற்று நூல்கள்: ஆண்டுதான் மருந்து

சாக்கில் இருந்த ஒரு குடல் நோய் நூல் 1979ல் வந்தது. அல்சர் பகுதியைத் திறந்தேன். பால், காரமில்லாத சாப்பாடு, அமிலத்தை அடக்கும் மருந்து, மன அமைதி என்று இருந்தது. படிக்கப் படிக்க எங்கள் அப்பா நினைவுக்கு வந்தார். வயிற்று வலிக்காக வருடக்கணக்கில் அவருக்கு மட்டும் அம்மா மிளகு போடாத ரசம் தனியாக வைத்தார். மீன் குழம்பு வாசம் வீட்டில் அடிக்கும்போது அவர் பால்சோற்றைப் பிசைந்துகொண்டிருப்பார்.

அந்த நூல் பொய் சொல்லவில்லை. அன்றைக்குத் தெரிந்தது அவ்வளவுதான். ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் ராபின் வாரனும் பேரி மார்ஷலும் 1982ல் இரைப்பையில் வாழும் ஒரு கிருமியை வளர்த்துக் காட்டினார்கள். ஹெலிகோபாக்டர் பைலோரி என்று அதற்குப் பிறகு பெயர் வந்தது. யாரும் எளிதில் நம்பாததால் 1984ல் மார்ஷல் அந்தக் கிருமியைத் தானே குடித்து, இரைப்பை அழற்சி வந்து, நிரூபித்தார். 2005ல் இருவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது. பெரும்பாலான அல்சருக்கு இந்தக் கிருமியோ வலி மாத்திரைகளோதான் காரணம் என்று இன்றைக்குச் சொல்கிறார்கள். கிருமி என்றால் சில வார மருந்தில் தீர்ந்துவிடும். 1979 நூலில் அந்தப் பெயரையே பார்க்க முடியாது.

வயிற்று நூல் கையில் வந்தால் அதன் கடைசியில் இருக்கும் சொல்லடைவைத் திறந்து சில சொற்களைத் தேடுங்கள். பைலோரி இல்லை என்றால் நூலின் அறிவு எண்பதுகளைத் தாண்டவில்லை. கொழுப்புத் திசுவில் இருந்து மூளைக்குப் போகும் லெப்டின் ஹார்மோனை 1994ல்தான் கண்டுபிடித்தார்கள். உடல் பருமன் நூலில் லெப்டின் இல்லை என்றால் பசியைப் பற்றி அது சொல்வதைப் பாதியாகத்தான் எடுத்துக்கொள்ள முடியும். உடல் எடைக்கான மருந்தாக செமாகுளுடைடுக்கு அமெரிக்கா அனுமதி கொடுத்தது 2021ல். குடிக்காதவர்களுக்கு வரும் கொழுப்புக் கல்லீரல் நோய்க்கு 2023ல் உலக அளவில் பெயரையே மாற்றி, உடலின் வளர்சிதை மாற்றக் கோளாறோடு சேர்த்துப் புதுப் பெயர் வைத்தார்கள். பழைய பெயரில் தேடினால் புதிய நூலில் கிடைக்காது, புதிய பெயரில் தேடினால் பழைய நூலில் கிடைக்காது. மாணவர்கள் இதில் நிறையத் தடுமாறுகிறார்கள்.

அடுத்தது, யாருடைய உடம்பைப் பார்த்து எழுதிய நூல் என்ற கேள்வி. இதைக் கொஞ்சம் நின்று பார்ப்போம். உடல் நிறை எண் என்ற கணக்கை எல்லாப் பருமன் நூலும் சொல்லும்: எடையைக் கிலோவில் எடுத்து, உயரத்தை மீட்டரில் எடுத்து, உயரத்தின் வர்க்கத்தால் வகுக்க வேண்டும். 19ஆம் நூற்றாண்டில் பெல்ஜியத்தின் அடால்ஃப் கெட்லே என்ற புள்ளியியலாளர் போட்ட கணக்கு இது. இன்றைய பெயரை 1972ல் அன்செல் கீஸ் கொடுத்தார். எங்கள் படிப்பகத்துக்கு வரும் தம்பி ஒருவர் 165 செ.மீ உயரம், 65 கிலோ எடை. 1.65ஐ 1.65ஆல் பெருக்கினால் 2.7225. 65ஐ அதால் வகுத்தால் 23.9. மேல்நாட்டு நூல் 25க்குக் கீழே என்றால் சரியான எடை என்று சொல்லும். இந்தியர்களுக்காக 2009ல் இந்திய மருத்துவர்கள் கூடி எடுத்த முடிவில் 23க்கு மேல் அதிக எடை, 25க்கு மேல் பருமன். ஒரே ஆள், ஒரே நாள், ஒரு நூலில் சரியான எடை, இன்னொன்றில் அதிக எடை. அதே எண்ணில் நம் உடம்பில், முக்கியமாக வயிற்றுக்குள், கொழுப்பு கூடுதலாகத் தங்குகிறது, சர்க்கரை நோயும் சீக்கிரம் வருகிறது என்பதால்தான் எல்லையைக் கீழே இறக்கினார்கள். இடுப்புச் சுற்றளவுக்கும் நமக்குத் தனி அளவு: ஆண்களுக்கு 90 செ.மீ, பெண்களுக்கு 80 செ.மீ.

ஆகவே பருமன் நூல் எதுவானாலும் முதல் பக்கத்தில் ஒரு வெள்ளைத் தாளை ஒட்டி இந்த நான்கு எண்களையும் எழுதி வையுங்கள். நான் ஆறேழு நூலிலும் அப்படித்தான் ஒட்டியிருக்கிறேன்.

சரி, பழைய மருத்துவ நூலைத் தூக்கிப் போட்டுவிடலாமா? உடற்கூறு, அதாவது குடல் எங்கே திரும்புகிறது, கல்லீரலுக்கு இரத்தம் எப்படிப் போகிறது என்ற பகுதிகள் இன்னும் ஆகும். சிகிச்சை, மருந்து அளவு இருக்கும் பகுதிகள் ஆகவே ஆகாது. அந்த அத்தியாயங்களின் தொடக்கத்தில் "பழைய சிகிச்சை, பின்பற்றக் கூடாது" என்று பெரிதாக எழுதிவிடுங்கள். நர்சிங் படிக்கும் பிள்ளைகள் அவசரத்தில் பார்த்துவிடக் கூடாது. புதிய நூலாகவே இருந்தாலும் அதை வைத்து வீட்டில் மருந்து முடிவு எடுக்க வேண்டாம். இராமநாதபுரத்திலேயே 2022 முதல் அரசு மருத்துவக் கல்லூரி இருக்கிறது. நூலைப் படித்துவிட்டுப் போனால் டாக்டரிடம் நல்ல கேள்வி கேட்கலாம், அதுவே பெரிய லாபம்.

கலை வரலாறு: நூலைத் தூக்கிக்கொண்டு நடங்கள்

கலை வரலாற்றுச் சாக்கில் ஒன்றைக்கூட நான் கழிக்கவில்லை. இங்கே ஆண்டை வேறு விதமாகப் பார்க்க வேண்டும். 1930ல் எடுத்த புகைப்படத்தில் சுண்ணாம்பு பூசுவதற்கு முந்தைய சிற்பம் இருக்கும். அது இன்றைக்கு வேறு எங்கும் இருக்காது. கருத்துதான் பழசாகும்.

நம் ஊரிலேயே அதற்கு உதாரணம் உண்டு. ஜேம்ஸ் பெர்குசன் 1876ல் இந்தியக் கட்டடக் கலையைப் பற்றி எழுதிய பெரிய நூலில் இராமேசுவரம் கோயிலைப் பேசுகிறார். திராவிடப் பாணியின் எல்லா அழகையும், கூடவே அதன் எல்லாக் குறைகளையும் ஒரே கோயிலில் காட்ட வேண்டும் என்றால் இராமேசுவரத்தைத்தான் எடுக்க வேண்டும் என்ற பொருளில் எழுதினார். பிரகாரங்களின் நீளம் அவரை வியக்க வைத்தது. கோயிலின் அமைப்பு அவருக்குப் பிடிக்கவில்லை. இந்தியக் கலை பழைய காலத்தில் உச்சத்தில் இருந்து, அப்புறம் படிப்படியாக இறங்கியது என்று நம்பியவர் அவர். 18ஆம் நூற்றாண்டில் இராமநாதபுரத்தை ஆண்ட சேதுபதிகள் கட்டிய மூன்றாம் பிரகாரம் அவர் கணக்கில் இறக்கத்தின் கடைசிப் படி. பிற்கால அறிஞர்கள் அந்த நம்பிக்கையை விட்டுவிட்டார்கள். ஆனால் பெர்குசன் கொடுத்த அளவுகளும் வரைபடங்களும் இன்னும் பயன்படுகின்றன. எனவே கலை நூலைப் படிக்கும்போது கையில் பென்சில் வைத்துக்கொண்டு, "உயர்ந்த", "சீரழிந்த", "வளர்ச்சி பெறாத" போன்ற சொற்களுக்கு அடியில் கோடு போடுங்கள். கோடு போட்டது ஆசிரியரின் காலம். கோடு போடாதது கல்லும் சாயமும்.

பிறகு நூலோடு வெளியே போங்கள். நான் மூன்று பிளஸ் டூ மாணவர்களை இராமநாதபுரம் அரண்மனையில் இருக்கும் இராமலிங்க விலாசத்துக்குக் கூட்டிப் போனேன். கிழவன் சேதுபதி காலத்தில் எழும்பிய மண்டபம் அது. சுவர் ஓவியங்கள் 18ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில், முத்து விஜய ரகுநாத சேதுபதி காலத்தைச் சேர்ந்தவை. இராமாயணக் காட்சிகள், தஞ்சை மராட்டியரோடு நடந்த போர், அரசவைக்கு வந்த ஐரோப்பியர் எல்லாம் சுவரில் இருக்கிறார்கள். சாக்கில் இருந்து எடுத்துப்போன நூலோ இத்தாலியச் சுவர் ஓவியம் பற்றியது. பிள்ளைகள் முதலில் விழித்தார்கள்.

அந்த நூல் கேட்கும் கேள்விகளை மட்டும் எடுத்துக்கொள்ளச் சொன்னேன். யார் பணம் கொடுத்தார்? யார் பார்க்க வேண்டும் என்று வரைந்தார்கள்? யார் பெரிதாக இருக்கிறார், யார் சின்னதாக? நேரம் எந்தப் பக்கமாக ஓடுகிறது? ஒரு மாணவி பத்து நிமிடம் ஒரே சுவரைப் பார்த்துவிட்டு, "சார், சேதுபதி மட்டும் எல்லாப் படத்திலயும் ஒரே முகமா இருக்காரு, வெள்ளைக்காரங்களுக்குத் தொப்பியை வச்சுத்தான் அடையாளம்" என்றாள். நூலில் அந்த வரி இல்லை. நூல் கேட்ட கேள்வியால் அவள் கண் அதைப் பிடித்தது.

கீழக்கரையின் பழைய ஜும்மா பள்ளியில் இன்னொரு பயிற்சி செய்யலாம், தொழுகை நேரம் தவிர்த்து, அனுமதி கேட்டுக்கொண்டு. ஐரோப்பியத் தேவாலய நூல்களில் தூணின் தலை, அதற்கு மேலே நீளும் தாங்கு கல் பற்றிப் பக்கம் பக்கமாக இருக்கும். நம் தச்சர் சொல்லில் அது போதிகை. கீழக்கரையில் கல் தூணும் போதிகையும் கோயில் மண்டபத்தின் சாயலில் இருக்கும், ஆனால் உருவம் ஒன்றுகூட இருக்காது, பூவும் கொடியும்தான். நூலில் இருக்கும் கலைச்சொல்லை அந்தத் தூணுக்கு அடியில் நின்று படித்தால் ஒருபோதும் மறக்காது.

இங்கே ஒரு எச்சரிக்கையும் உண்டு. வயிற்று நூலும் கலை நூலும் பக்கத்தில் பக்கத்தில் இருப்பதால், பெருவயிறு உள்ள சிற்பத்தைப் பார்த்து நோய் சொல்லத் தோன்றும். கணபதியின் தொந்தியும் பூதகணங்களின் உருண்டை வயிறும் செழிப்பின் குறி. நாட்டியச் சிற்பத்தின் கொடியிடையும் அப்படித்தான், அளந்து பார்த்துச் செதுக்கியது கிடையாது. சிலை, ஓவியத்தில் இருந்து நோயைக் கண்டுபிடிக்கும் கட்டுரைகள் நிறைய வருகின்றன. சுவையாக இருக்கும், நம்பிக்கையாக எடுத்துக்கொள்ள முடியாது.

இடைக்காலம்: ஊர்ச் சொல் ஒன்றை வைத்துச் சோதியுங்கள்

இடைக்காலம் என்ற சொல்லிலேயே சிக்கல் இருக்கிறது. ஐரோப்பாவில் அது ஏறத்தாழ 5ஆம் நூற்றாண்டு முதல் 15 வரை. பழைய ரோமுக்கும் தங்கள் காலத்துக்கும் நடுவே கிடந்த இருட்டு என்று பிற்காலத்தார் வைத்த பெயர் அது. தமிழ்நாட்டு வரலாற்றில் பல்லவர், சோழர், பாண்டியர் காலத்தை இடைக்காலம் என்கிறோம், அது நமக்கு இருட்டே அல்ல. ஐரோப்பிய நூல் படிக்கும்போது பக்கத்தில் ஒரு காலக்கோடு வரைந்து நம் கரையையும் அதில் போட்டுக்கொள்ளுங்கள். பிரான்சில் ஷார்த்ர் தேவாலயம் 1194ல் எரிந்து, அடுத்த முப்பது ஆண்டில் பெரும்பாலும் எழும்பிவிட்டது. அந்த வேலை நடக்கும்போதே, 1216ல், மாறவர்மன் சுந்தர பாண்டியன் பட்டத்துக்கு வந்தான். அந்த நூற்றாண்டு முடியும் முன் மார்க்கோ போலோ நம் கடற்கரையில் முத்துக் குளிப்பதைப் பற்றி எழுதுகிறார். இந்தக் கோடு ஒன்று போட்டால் நூல் தூரத்தில் இருந்து கிட்டே வந்துவிடும்.

இந்தியக் கடல் வணிகம் பற்றிய வரலாற்று நூல் என்றால் நான் செய்யும் சோதனை ஒன்றே ஒன்று. சொல்லடைவில் "அஞ்சுவண்ணம்" என்ற சொல்லைத் தேடுவேன். தொண்டிக்குப் பக்கத்தில் தீர்த்தாண்டதானம் சிவன் கோயிலில் பாண்டியர் காலக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. அதில் மணிக்கிராமம் என்ற வணிகக் குழுவோடு அஞ்சுவண்ணம் என்ற வணிகக் குழுவும் வருகிறது. அஞ்சு வண்ணம் என்றால் ஐந்து சாதி, ஐந்து தொழில் என்று சில பழைய ஆசிரியர்கள் பிரித்தார்கள். யூத வணிகர் என்றார்கள் சிலர். பாரசீகத்தில் கூட்டம் என்று பொருள்படும் அஞ்சுமன் என்ற சொல்தான் தமிழில் இப்படி ஆனது, மேற்காசியாவில் இருந்து வந்த பல சமய வணிகரைக் குறித்து, பின்னால் பெரிதும் முஸ்லிம் வணிகரைக் குறித்தது என்று இப்போது அறிஞர்கள் கொள்கிறார்கள். கோயில் கல்வெட்டில் அவர்கள் பெயர் இருக்கிறது என்பதை எங்கள் படிப்பகத்தில் சொன்னபோது இரண்டு பெரியவர்கள் எழுந்து கிட்டே வந்து உட்கார்ந்தார்கள்.

உங்கள் நூல் அந்தச் சொல்லுக்கு எந்த விளக்கம் தருகிறது, எந்தக் கல்வெட்டைக் காட்டுகிறது என்று பாருங்கள். விளக்கம் மட்டும் இருந்து அடிக்குறிப்பு இல்லை என்றால் அந்த நூலை மெதுவாக நம்புங்கள். கல்வெட்டு எண்ணும் ஆண்டும் இருந்தால் விளக்கம் பழசானாலும் நூல் ஆகும், ஏனென்றால் நீங்களே மூலத்துக்குப் போய்ப் பார்க்கலாம். தொல்லியல் துறையின் தென்னிந்தியக் கல்வெட்டுகள் தொகுதி 1890 முதல் வந்துகொண்டிருக்கிறது.

யூகத்தை யூகமாகச் சொல்கிறதா என்பதையும் கவனியுங்கள். 14ஆம் நூற்றாண்டில் மதுரை சுல்தான்கள் காலத்தில் மொராக்கோ நாட்டுப் பயணி இப்னு பதூதா இந்தக் கரைக்கு வந்து பத்தன் என்ற துறைமுகத்தைப் பற்றிப் பேசுகிறார். அது எந்த ஊர் என்று அறிஞர்கள் பலவாறு சொல்கிறார்கள். பெரியபட்டினம் அதில் ஒன்று. அங்கே அகழ்ந்தபோது சீனப் பீங்கான் ஓடுகள் கிடைத்ததால் அந்தப் பக்கம் கை ஓங்கியிருக்கிறது. எங்களுக்குப் பக்கத்து ஊர் என்பதால் எனக்கும் அதுதான் என்று சொல்ல ஆசை. ஆனால் "இருக்கலாம்" என்று எழுதும் நூலைத்தான் நான் அலமாரியின் முன்வரிசையில் வைப்பேன்.

தேடும்போது பழைய எழுத்துக்கூட்டலையும் போட்டுப் பாருங்கள். இராமநாதபுரம் பழைய நூல்களில் ராம்நாட் என்று இருக்கும், இந்தக் கரை மாபார் என்று இருக்கும், சேதுபதி சீமை மறவர் நாடு என்று இருக்கும். இன்றைய பெயரில் மட்டும் தேடிவிட்டு, நம் ஊரைப் பற்றி ஒன்றுமே இல்லை என்று நூலை மூடியவர்கள் பலர்.

இந்த மூன்று சாக்கும் ஒன்றோடொன்று பேசும் இடமும் உண்டு. இடைக்கால ஐரோப்பாவின் மருத்துவப் பள்ளிகளில் பாரசீக மருத்துவர் இப்னு சீனாவின் மருத்துவ நூலை லத்தீனில் படித்தார்கள். இரைப்பை ஒரு சட்டி, கல்லீரல் அதற்கு அடியில் எரியும் அடுப்பு, செரிமானம் ஒரு சமையல் என்று அந்த மருத்துவம் நினைத்தது. நம் பாட்டிமார் வயிற்றில் அக்னி மந்தம் என்று சொல்வதும் அதே அடுப்புதான். இன்றைய மருத்துவம் வேறு வழியில் போய்விட்டது. ஆனால் பழைய விருந்து, நோன்பு பற்றிய அத்தியாயங்களைப் புரிந்துகொள்ள இந்த அடுப்பு கையில் இருக்க வேண்டும்.

படிக்கும் வரிசை

ஆய்வு நூலை முதல் பக்கத்தில் தொடங்கிக் கடைசி வரை படிக்க வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்தவில்லை. முன்னுரை, பொருளடக்கம், கடைசி அத்தியாயம், சொல்லடைவு. இந்த நான்கையும் ஒரு மாலையில் பார்த்துவிடலாம். அப்புறம் உங்களுக்கு வேண்டிய ஒரே அத்தியாயத்தை மூன்று முறை படியுங்கள். முதல் முறை அகராதி இல்லாமல், இரண்டாம் முறை அகராதியோடு, மூன்றாம் முறை நோட்டில் தமிழில் எழுதிக்கொண்டே. தமிழில் எழுத வராத வரி உங்களுக்குப் புரியாத வரி. கலைச்சொல்லுக்கு அரசின் சொற்குவை தளம் உதவும். அங்கே பொருத்தமாக வரவில்லை என்றால் ஒலிபெயர்த்து எழுதிவிட்டுப் பக்கத்தில் ஒரு வரி விளக்கம் போதும்.

இல்லாததை எங்கே தேடுவது

புது ஆய்வு நூல்களின் விலை நமக்கு எட்டாது, அதனால் வாங்குவதற்கு முன் இலவசமாகக் கிடைக்கிறதா என்று பாருங்கள். கலைக்கு நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகமும் கெட்டி நிறுவனமும் தாங்கள் வெளியிட்ட நூல்களில் நூற்றுக்கணக்கானவற்றை முழுதாகவே இணையத்தில் போட்டிருக்கின்றன, படங்கள் பளிச்சென்று இருக்கும். மருத்துவத்துக்கு அமெரிக்கத் தேசிய மருத்துவ நூலகத்தின் புக்ஷெல்ஃப் பகுதி. நம் சாப்பாட்டைப் பற்றி ஐதராபாத் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2017ல் வெளியிட்ட உணவுச் சத்து அட்டவணையில் 528 உணவுகள் இருக்கின்றன, கடல் மீன்களும் உண்டு. அதே நிறுவனம் இந்தியருக்கான உணவு வழிகாட்டியை 2024ல் புதுப்பித்தது. பருமன் நூல் ரொட்டியையும் வெண்ணெயையும் பேசும்போது பக்கத்தில் இவற்றை வைத்துக்கொள்ளுங்கள்.

வரலாற்றுக்கு ஷோத்கங்கா தளத்தில் இந்தியப் பல்கலைக்கழக ஆய்வேடுகள் கிடைக்கும். சேதுபதிகள், முத்துக்குளித்தல், கடலோர வணிகம் என்று தேடினால் வரும். பழைய தமிழ் நூல்களுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம். அரசுக் கல்லூரி மாணவர் என்றால் கல்லூரி நூலகரிடம் ஒரே நாடு ஒரே சந்தா திட்டத்தைக் கேளுங்கள். 2025 சனவரி முதல் ஏறக்குறைய 13,000 ஆய்விதழ்கள் அதில் திறந்திருக்கின்றன. நேரில் போவதானால் மதுரையில் 2023ல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகம் ஒரு நாள் பயணம். அரிய தமிழ் அச்சுக்குச் சென்னை ரோஜா முத்தையா நூலகம். அங்கே போகும் முன் தேவையான தலைப்புகளை எழுதிக்கொண்டு போங்கள், நாள் போதாது.

உப்புக்காற்றில் காப்பது

இரும்பு அலமாரி நம் கரையில் நாலு வருடத்தில் துருப்பிடித்துத் தாளில் கறை விடும். மர ரேக் நல்லது, சுவரில் இருந்து நாலு விரல் தள்ளி, தரையில் இருந்து ஒரு முழம் உயர்த்தி. நூல்களை நெருக்கி அடைக்காதீர்கள், ஒரு விரல் நுழைய இடம் வேண்டும். மலிவான ஈரப்பதமானி ஒன்று வாங்கி மாட்டுங்கள். 65 சதவீதத்துக்கு மேல் நாள்கணக்கில் நின்றால் பூஞ்சை வரும், மின்விசிறியைப் போட்டு விடுங்கள். சுவடிக் காலத்தில் இருந்து வரும் வசம்பை இடித்துத் துணியில் முடிந்து ரேக்குக்கு இரண்டாக வைக்கலாம். துருப்பிடித்த ஸ்டேப்பிள் பின்களைக் கத்தி முனையால் நிமிர்த்தி எடுத்துவிட்டுத் தையல் நூலால் தைத்துவிடுங்கள்.

கலை நூல்களுக்குத் தனிக் கவனம் வேண்டும். பளபளக்கும் ஆர்ட் பேப்பரில் மாவு போல ஒரு பூச்சு இருக்கிறது. நனைந்து காய்ந்தால் பக்கங்கள் ஒன்றோடொன்று ஒட்டி ஒரே பலகையாகிவிடும். ஒரு ஐப்பசி மழையில் ஓடு ஒழுகி என்னிடம் இருந்த கோயில் சிற்ப நூல் நனைந்தது. காயட்டும் என்று இரண்டு நாள் விட்டுவிட்டேன். மூன்றாம் நாள் பிரித்தபோது ஒரு யாளியின் முகம் எதிர்ப் பக்கத்தில் ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது. ஈரமாக இருக்கும்போதே, அன்றைக்கே, பக்கத்துக்குப் பக்கம் மெழுகுத்தாளோ மெல்லிய பாலிதீனோ நுழைத்திருக்க வேண்டும். அன்று நேரம் இல்லை என்றால் பையில் கட்டி மீன் ஃப்ரீசரில் வைத்துவிட்டு, ஆற அமர ஒவ்வொன்றாக எடுத்துச் செய்யலாம்.

வாடைக்காற்று தொடங்குவதற்கு முன், புரட்டாசிக் கடைசியில், ரேக் முழுவதையும் ஒருமுறை இறக்கி ஏற்றுவது எங்கள் வழக்கமாகிவிட்டது. இந்த முறை மாணவர்களும் வருகிறார்கள். அந்த மாணவி இத்தாலிய ஓவிய நூலைத் தன் கையாலேயே துடைத்து வைப்பதாகச் சொல்லியிருக்கிறாள். 1979ன் குடல் நோய் நூல் அடித்தட்டில் இருக்கிறது, சிவப்பு மையில் ஆண்டோடு.